மாடிப்படி எங்க போச்சு?

போன மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை. வெளிய மழை, கரண்ட் வேற வந்து வந்து போயிட்டு இருந்துச்சு. எம் பொண்ணு லேப்டாப்புல டைட்டானிக் பாத்துட்டு இருந்தா. எட்டாவது படிக்கிறா, இதுதான் முதல் தடவை பாக்குறா. நான் பக்கத்துல உக்காந்து வேர்க்கடலை உரிச்சுக்கிட்டு பாக்காத மாதிரி பாத்துட்டு இருந்தேன். படம் முடிஞ்சதும் அழுவான்னு நெனச்சு டவலெல்லாம் எடுத்து வெச்சேன், ஆனா அழல. கொஞ்ச நேரம் சும்மா இருந்துட்டு, "அப்பா, அந்தப் பெரிய மாடிப்படி இருக்குல்ல, மேல கண்ணாடி கூண்டு, நடுவுல கடிகாரம் எல்லாம் வெச்சு, அது இப்பவும் கடலுக்கடியில அப்படியே இருக்கா"ன்னு கேட்டா.

இல்லடா, அந்த இடத்துல இப்ப வெறும் ஓட்டைதான் இருக்கு, பல தளத்துக்கு கீழ வரைக்கும் கிணறு மாதிரி போகுதுன்னேன்.

"அப்ப படி எங்க போச்சு?"

இந்த ஒரு கேள்விக்கு பதில் சொல்ல ஆரம்பிச்சுத்தான் ராத்திரி பன்னெண்டரை வரைக்கும் ஜேம்ஸ் கேமரூன் பத்திப் பேசி, மறுநாள் ஸ்கூல் இருக்கிற புள்ளையைத் தூங்கவிடாம பண்ணி வீட்டம்மாகிட்ட வாங்கிக் கட்டிக்கிட்டேன். அவகிட்ட சொல்லி முடிக்காததையும் சேர்த்து இங்க எழுதறேன், இங்க யாரும் லைட்டை அணைக்கச் சொல்ல மாட்டாங்க.

நம்ம ஆளுங்க நெறைய பேருக்கு கேமரூன்னா டெர்மினேட்டர், அவதார், பெரிய பட்ஜெட், அவ்வளவுதான். எனக்கு அவரு வேற ஆளு. பழைய கேஸ் ஃபைல தூசி தட்டி எடுத்து, விசாரணை முடிஞ்சிருச்சுன்னு எல்லாரும் சொன்னப்புறமும் ஸ்பாட்டுக்குப் போய்ப் பாக்கணும்னு அடம் பிடிக்கிற போலீஸ்காரர் ஒருத்தர் எல்லா ஸ்டேஷன்லயும் இருப்பாருல்ல, அந்த ரகம். சினிமா அவருக்கு ஜீப்பு மாதிரி.

பொறந்தது 1954ல, கனடாவுல கபுஸ்கேசிங்னு ஒரு ஊரு. வளந்தது நயாகரா அருவிக்குப் பக்கத்துல இருக்கிற சிப்பாவா. டிவியில ழாக் கூஸ்தோவோட கடல் நிகழ்ச்சிகளப் பாத்துட்டு 15 வயசுல நானும் ஸ்கூபா டைவர் ஆகப்போறேன்னு முடிவு பண்ணிருக்காரு, ஆனா பக்கத்துல இருக்கிற கடலுக்கே 600 மைல் போகணும். பையன் விடல. அப்பாவை நச்சரிச்சு, எல்லை தாண்டி அமெரிக்காவுல பஃபலோ ஊர்ல ஒரு நீச்சல் குளத்துல நடுக்குளிர்ல கத்துக்கிட்டு சர்டிஃபிகேட் வாங்கிட்டாரு. கடலை நேர்ல பாத்தது அதுக்கு ரெண்டு வருஷம் கழிச்சு, குடும்பம் கலிஃபோர்னியாவுக்கு வந்தப்பறம்தான். இதெல்லாம் அவரே டெட் (TED) பேச்சு மேடையில சொன்னது. இடையில லாரி ஓட்டினாரு, ராஜர் கார்மன் கம்பெனியில செட்டு போடுற வேலை பாத்தாரு, 1984ல டெர்மினேட்டர், 1986ல ஏலியன்ஸ், அந்தக் கதையெல்லாம் எல்லாரும் எழுதிட்டாங்க, நான் தாண்டிப் போறேன்.

தண்ணிக்குள்ள முதல்ல பெருசா இறங்கினது 1989ல வந்த தி அபிஸ். சவுத் கரோலினாவுல பாதியில கைவிட்ட ஒரு அணுமின் நிலையம் இருந்துச்சு, ரியாக்டர் வைக்கிறதுக்குக் கட்டின அந்தப் பெரிய கான்கிரீட் தொட்டியில 75 லட்சம் கேலன் தண்ணிய ஊத்தி அதுக்குள்ள ஷூட்டிங். ஒரு நாள் தொட்டிக்கடியில இவருக்கே ஏர் தீந்துபோச்சு, காப்பாத்த வந்த டைவர் குடுத்த மூச்சுக்குழாயும் ரிப்பேர், காத்துக்குப் பதிலா தண்ணிதான் வருது. அந்த ஆளு இவர் பயத்துல துள்ளுறாருன்னு நெனச்சு இன்னும் கெட்டியா பிடிக்க, இவரு அவரை ஒரு குத்து குத்திட்டு மேல வந்து உயிர் பொழச்சாரு. செட்டுல அவரு நடந்துக்கிற விதம் பத்தி நல்ல பேரு எப்பவும் கிடையாது, அதையும் சொல்லிடறேன். கூட வேலை பாத்தவங்கள சக்கையா பிழிஞ்சிருவாரு.

அப்பறம்தான் டைட்டானிக். இங்க ஒரு விஷயம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். கப்பல் முங்கினது 1912 ஏப்ரல் 15 அதிகாலை, உடைஞ்சு கிடக்கிறத ராபர்ட் பல்லார்டும் ஃப்ரெஞ்சுக்காரர் ழான் லூயி மிஷேலும் கண்டுபிடிச்சது 1985 செப்டம்பர், ஆழம் கிட்டத்தட்ட 3800 மீட்டர். ரஷ்யாக்காரங்களோட மீர் நீர்மூழ்கில போய் எடுத்த ஒரு ஐமேக்ஸ் படத்தப் பாத்ததும் கேமரூனுக்கு நானும் போகணும்னு வந்துருச்சு. எப்படிப் போறது, சொந்தக் காசுல முடியுமா? ஃபாக்ஸ் ஸ்டுடியோவுக்குப் போயி, அந்தக் கப்பல்ல ரோமியோ ஜூலியட் கதைன்னு சொன்னாரு, நிஜக் கப்பலையே எடுத்துட்டு வந்தா விளம்பரத்துக்கும் ஆச்சுன்னு ஓட்டிவிட்டாரு. மாமியார் ஊர் விசேஷத்த சாக்கா வெச்சு நாம குற்றாலம் போறோமே, அந்த டெக்னிக்தான். கப்பலைப் பாக்கணும்னுதான் படமே எடுத்தேன், ஸ்டுடியோவுக்கு அது தெரியாதுன்னு பின்னாடி மேடை போட்டு சிரிச்சுக்கிட்டே சொல்லிட்டாரு மனுஷன்.

1995ல போனாரு. கெல்டிஷ்னு ரஷ்ய ஆராய்ச்சிக் கப்பல், அதுல மீர் 1, மீர் 2ன்னு ரெண்டு குட்டி நீர்மூழ்கி, ஒவ்வொண்ணும் 6000 மீட்டர் வரைக்கும் தாங்கும், உள்ள மூணு பேரு கால மடக்கி உக்காரணும். கீழ போகவே ரெண்டரை மணி நேரம். மொத்தம் 12 தடவை இறங்கினாரு. அந்த அழுத்தத்துல சாதா கேமரா நசுங்கிப்போகும்னு அவரோட தம்பி மைக் கேமரூன், இன்ஜினியர், டைட்டானியத்துல ஒரு கூடு பண்ணி கேமராவ நீர்மூழ்கிக்கு வெளியவே மாட்டற மாதிரி செஞ்சு குடுத்தாரு. அதுல ஒரு தடவைக்குப் பத்துப் பன்னெண்டு நிமிஷத்துக்குத்தான் ஃபிலிம் பிடிக்கும், கீழ போயி ஃபிலிம் மாத்த முடியாதுல்ல. ஒரு நாள் பூரா இறங்கி ஏறி பன்னெண்டு நிமிஷம்! ஆரம்பத்துல அவரு கைல ஷாட் லிஸ்டோட, இது எடுத்தாச்சு அது எடுத்தாச்சுன்னு டிக் போடுற மூடுலயே இருந்திருக்காரு. அப்பறம் மேல கப்பல்ல வந்து தனியா உக்காந்தப்பதான் 1500 பேரு செத்த இடத்துல இருந்துட்டு வந்திருக்கோம்னு உறைச்சு அழுதுட்டாராம்.

மெக்ஸிகோவுல ரொசாரிட்டோ கடற்கரையில கிட்டத்தட்ட நிஜ சைஸுக்கே கப்பல் செட்டு போட்டாங்க, ஆனா காசுக்காக வலது பக்கம் மட்டும்தான் கட்டினாங்க. கதைப்படி சவுத்தாம்ப்டன் துறைமுகத்துல கப்பல் இடது பக்கமா நிக்கணும். என்ன பண்ணாங்க தெரியுமா, போர்டு எழுத்து, பெட்டி மேல ஒட்டின பேரு எல்லாத்தையும் கண்ணாடியில தெரியுற மாதிரி திருப்பி எழுதி எடுத்துட்டு, அப்பறம் ஃபிலிமைப் புரட்டிப் போட்டுட்டாங்க. அடுத்த தடவை பாக்கும்போது அந்த சீன்ல யோசிச்சுப் பாருங்க, தலை சுத்தும்.

சரி, மாடிப்படி. முங்குற சீன்ல அந்த மாடிப்படி செட்டுக்குள்ள டன் கணக்குல தண்ணிய ஒரேயடியா விட்டாங்க. மரத்துல செஞ்ச படி, நிஜக் கப்பல்ல இருந்த மாதிரியே. தண்ணி ஏற ஏற அது அடியிலேருந்து பிச்சுக்கிட்டு மொத்தமா மிதந்து மேல வந்துருச்சு! யாரும் எதிர்பாக்கல. அங்கதான் கேமரூனுக்கு பல்பு எரிஞ்சிருக்கு. நிஜத்துலயும் இப்படித்தான் ஆகியிருக்கணும், மரப்படி இரும்புக் கூட்டை விட்டுக் கழண்டு மேல வந்து, கண்ணாடிக் கூண்டு இருந்த வழியா வெளிய போயி மிதந்துருக்கணும், அதனாலதான் கீழ வெறும் கிணறு இருக்குன்னு. எல்லாரும் இத ஒத்துக்கல, உள்ளயே துண்டு துண்டா சிதைஞ்சிருக்கும்னு சொல்றவங்களும் இருக்காங்க. ஆனா பாருங்க, படத்துக்காகப் போட்ட செட்டு ஒரு சோதனைக்கூடமா மாறி 84 வருஷத்துப் பழைய கேள்விக்கு ஒரு பதில நீட்டுது. இத நான் சொன்னதும் எம் பொண்ணு எந்திரிச்சு உக்காந்துட்டா. "அப்ப தப்பா போனதுதான் பதிலா?"ன்னா. ஆமான்னேன்.

அந்த ஷூட்டிங்ல இன்னொரு மர்மமும் இருக்கு, இது இன்னும் முடியல. 1996 ஆகஸ்ட்ல கனடாவுல நோவா ஸ்கோஷியா பக்கம் படத்தோட இந்தக் கால சீன்களை எடுத்துட்டு இருந்தப்ப, நடுராத்திரி சாப்பாட்டுல குடுத்த கடல் மீன் சூப்புல யாரோ பிசிபிங்கிற போதை மருந்த கலந்துட்டாங்க. அம்பதுக்கும் மேல ஆளுங்க, கேமரூன் உட்பட, சிரிச்சு அழுது வாந்தி எடுத்து ஆஸ்பத்திரியில கிடந்தாங்க. போலீஸ் விசாரிச்சுப் பாத்துட்டு 1999ல கேஸை மூடிட்டாங்க, யாருன்னு இன்னிக்கு வரைக்கும் தெரியாது. ஊரு மர்மத்தையெல்லாம் துப்பறியப் போனவரு தன் சூப்பு கிண்ணத்த கோட்டை விட்டுட்டாரு.

படம் 1997 டிசம்பர்ல வந்துச்சு, 11 ஆஸ்கர், வசூல்ல உலக ரெகார்டு. எல்லாம் ஊரறிஞ்சது. ஊரு அவ்வளவா பேசாதது மர்டாக் விஷயம். வில்லியம் மர்டாக், கப்பலோட முதல் அதிகாரி, ஸ்காட்லாந்துல டால்பீட்டிங்கிற சின்ன ஊர்க்காரரு. படத்துல அவரு லஞ்சம் வாங்குற மாதிரியும், கூட்டத்துல சுட்டு ஆள கொன்னுட்டு தானும் சுட்டுக்கிற மாதிரியும் வரும். ஒரு அதிகாரி சுட்டுக்கிட்டதா சொன்ன சாட்சிகள் இருக்காங்க, ஆனா யாருன்னு உறுதியே இல்ல. நிஜமா வாழ்ந்து செத்த மனுஷன், அவரோட சொந்தக்காரங்க உயிரோட இருக்காங்க, ஊரே அவரைத் தியாகியா நெனைக்குது. ஊரு கொதிச்சுப்போச்சு. 1998ல ஃபாக்ஸ் கம்பெனியோட பெரிய அதிகாரி ஸ்காட் நீசன் நேர்ல டால்பீட்டிக்குப் போய் மன்னிப்புக் கேட்டு, மர்டாக் பேர்ல பள்ளிக்கூடத்துல இருக்கிற பரிசு நிதிக்கு 5000 பவுண்டு குடுத்துட்டு வந்தாரு. (இந்த நீசன் பின்னாடி ஹாலிவுட்டையே விட்டுட்டு கம்போடியா போயி குப்பை மேட்டுல வாழ்ந்த புள்ளைங்களுக்குப் பள்ளிக்கூடம் நடத்த ஆரம்பிச்சாரு, அது தனிக் கதை.) கேமரூனும் அப்பறம், அவரோட குடும்பத்தப் பத்தி யோசிக்காம பேரோட அப்படி எழுதியிருக்கக்கூடாதுன்னு ஒத்துக்கிட்டாரு. கதை எழுதறவனா இருந்துட்டேன், சரித்திரக்காரனா யோசிக்கலங்கிற அர்த்தத்துல. இந்த அடிதான் அவரை மாத்துச்சுன்னு நான் நெனைக்கிறேன். இது என் ஊகம்.

ஏன்னா அதுக்கப்பறம் அவரு செஞ்சதப் பாருங்க. உலகத்துலயே பெரிய ஹிட்டு குடுத்த ஆளு அடுத்த கதைப்படத்த டைரக்ட் பண்ணி ரிலீஸ் பண்ண 12 வருஷம் ஆச்சு, 2009ல அவதார். நடுவுல தியேட்டருக்கு, டிவிக்குன்னு கடலடி டாகுமெண்டரி எடுத்துட்டுக் கிடந்தாரு. நம்ம ஊர்ல ஒரு டைரக்டர் இப்படிப் பண்ணா வீட்டுல மந்திரிச்சு விட்டிருப்பாங்க.

2001ல திரும்ப டைட்டானிக். இந்தத் தடவை ஜேக், எல்வுட்னு ரெண்டு குட்டி ரோபோ, மைக்தான் பண்ணது, மைக்ரோவேவ் அவன் சைஸ் இருக்கும்னு வெச்சுக்கோங்க, பின்னாடி மீன்பிடி நரம்பு மாதிரி மெல்லிசா ஒரு ஃபைபர் கேபிள் விட்டுக்கிட்டே போகும். உள்ள போக வழி எதுன்னா, நம்ம மாடிப்படி இருந்த அதே கிணறு! படி காணாமப் போனதாலதான் கப்பலோட வயித்துக்குள்ள போக முடிஞ்சுச்சு. உள்ள போனா ஒரு கேபின்ல தண்ணி ஜாடியும் கண்ணாடி டம்ளரும் ஸ்டாண்டுல நிக்குது, வரவேற்பு ஹால்ல ஈயப்பட்டி வெச்ச ஜன்னல் கண்ணாடிங்க உடையாம இருக்கு. 89 வருஷம். நான் அந்த டம்ளர் ஷாட்ட மட்டும் எத்தனை தடவை பாத்திருப்பேன்னு எனக்கே தெரியாது. படத்துல வந்த பத்தாயிரம் கிராஃபிக்ஸ் குடுக்காதத அந்த டம்ளர் குடுக்குது. யாரோ ராத்திரி தண்ணி குடிச்சுட்டு வெச்சிருக்காங்க.

எல்வுடுக்கு உள்ள பேட்டரி போயி கூரையில போய் முட்டிக்கிட்டு நின்னுருச்சு, ஜேக்க அனுப்பி அத இழுத்துட்டு வந்தாங்க. அதே பயணத்துலதான் செப்டம்பர் 11. நூறு வருஷத்துக்கு முந்தின சாவுகளப் பாத்துட்டு மேல வந்தவங்களுக்கு நியூயார்க் சேதி காத்துட்டு இருந்துச்சு. அந்தப் பயணத்த வெச்சு எடுத்த கோஸ்ட்ஸ் ஆஃப் தி அபிஸ் டாகுமெண்டரியில அந்த இடம் வரும்போது யாரும் நடிக்கல, எல்லாரும் வாயடைச்சு நிக்கிறாங்க. டைட்டானிக்க வேற மாதிரி பாக்க ஆரம்பிச்சாங்க அதுக்கப்பறம்.

அடுத்த வருஷம் பிஸ்மார்க். எனக்கு அவரோட எல்லா வேலையிலயும் இதுதான் உசத்தி, ஆனா யார்கிட்ட கேட்டாலும் பாத்ததில்லம்பாங்க. 1941 மே 24, ஜெர்மன் போர்க்கப்பல் பிஸ்மார்க் சுட்டதுல பிரிட்டனோட ஹூட்ங்கிற போர்க்கப்பல் வெடிச்சு முங்குது, 1418 பேர்ல பொழச்சது வெறும் மூணு பேரு. பிரிட்டன் முழுக் கடற்படையையும் ஏவி விடுது. 26ஆம் தேதி துணி போத்தின ரெட்டை இறக்கை விமானம் ஒண்ணு போட்ட டார்பிடோவுல பிஸ்மார்க்கோட சுக்கான் மாட்டிக்குது, கப்பல் வட்டமடிக்குது, மறுநாள் காலைல அடிச்சு முடிச்சாங்க. ரெண்டாயிரத்துக்கும் மேல செத்தாங்க. சண்டை அதோட முடிஞ்சுச்சு, சர்ச்சை முடியல. நாங்க டார்பிடோ போட்டு முங்கடிச்சோம்னு பிரிட்டிஷ்காரங்க, எங்க கப்பல உங்களால முங்கடிக்க முடியல, எதிரி கைல சிக்கக்கூடாதுன்னு நாங்களே குண்டு வெச்சு முங்கடிச்சோம்னு பொழச்ச ஜெர்மன்காரங்க. அறுபது வருஷமா இது.

2002ல கேமரூன் அதே மீரோட 4700 மீட்டருக்குக் கீழ போறாரு, மேல கப்பல்ல அந்தக் காலத்து பிஸ்மார்க் மாலுமிங்க ரெண்டு பேரு, வயசானவங்க, கூட வந்திருக்காங்க. கப்பலோட உடம்புல பெரிய பெரிய கிழிசல் இருக்கு, பாத்தா டார்பிடோ ஓட்டைன்னுதான் தோணும். இவரு குட்டி ரோபோவ அந்தக் கிழிசலுக்குள்ளயே விடறாரு. உள்ள இன்னொரு தடுப்புச் சுவரு, டார்பிடோவ தாங்கறதுக்குன்னே கட்டினது, அது நல்லா இருக்கு! அப்ப டார்பிடோ அடி தோலோட நின்னிருக்கு, உள்ள போகல. அப்ப அந்தக் கிழிசல் எப்படி வந்துச்சு? கப்பல் அடியில வந்து மோதினப்ப உள்ள இருந்த தண்ணி வேற போக்கிடம் இல்லாம பக்கவாட்டுல பீறிட்டு தகட்டக் கிழிச்சிருக்குன்னு அவங்க டீம் சொல்லுச்சு. தக்காளிய தரையில போட்டா பக்கத்துல வெடிக்குமே, அது மாதிரி. முடிவு என்னன்னா, அடிச்சு நொறுக்கினது பிரிட்டன்தான், அந்தக் கப்பல் எப்படியும் செத்த கப்பல்தான், ஆனா சீக்கிரம் முங்கினது ஜெர்மன்காரங்க செஞ்ச வேலையால. பிரிட்டன் பக்கத்து ஆராய்ச்சியாளர் சிலர் ஏத்துக்கல. பரவால்ல, சண்டை போட இப்ப கைல படம் இருக்கு. ரெண்டு கட்சிக்கும் பாதி பாதி கிடைச்சுது, பஞ்சாயத்துன்னா அப்படித்தான இருக்கும்.

இப்ப எனக்குப் பிடிக்காத பக்கம். இத மறைச்சா ரசிகர் மன்றப் பதிவு ஆயிடும். சிம்கா ஜாகோபோவிசின்னு ஒரு டாகுமெண்டரிக்காரரு, அவரோட சேந்து கேமரூன் தயாரிப்பாளரா போட்ட படங்கள். 2007ல வந்தது ஜெருசலேம் பக்கத்துல டால்பியோட்டுங்கிற இடத்துல 1980ல கிடைச்ச ஒரு கல்லறையப் பத்தி. எலும்பு வைக்கிற கல்பெட்டி பத்து, சிலதுல பேரு செதுக்கியிருக்கு, யோசேப்பு மகன் இயேசு, மரியா, யோசே இப்படி. இது இயேசு குடும்பத்துக் கல்லறைன்னு நியூயார்க்ல அதுல ரெண்டு பெட்டிய மேசை மேல வெச்சு பிரஸ் மீட்டு. அந்தப் பேருங்க எல்லாம் அந்தக் காலத்துல தெருவுக்கு நாலு பேருக்கு இருந்த பேரு, நம்ம ஊர்ல முருகன், செல்வி, குமார் மாதிரின்னு தொல்லியல்காரங்க தலையில அடிச்சுக்கிட்டாங்க. அந்தக் கல்லறைய அப்பவே ஆராஞ்சு எழுதின ஆமோஸ் க்ளோனரே இத ஒதுக்கித் தள்ளினாரு. ரெண்டு பெட்டியில கிடைச்ச டிஎன்ஏவ சோதிச்சு, ரெண்டு பேரும் ஒரு தாய் வழி இல்ல, அதனால புருஷன் பொண்டாட்டியா இருக்கலாம்னு ஒரு தாவு தாவுவாங்க பாருங்க! ஒரே குடும்பத்துல அத்தை, மருமக, ஒண்ணுவிட்ட அண்ணின்னு எத்தனை பேரு இருக்காங்க, எங்க வீட்டுக் கல்யாண ஆல்பத்துலயே தாய்வழி சொந்தம் இல்லாத பொம்பளைங்க முப்பது பேரு நிக்கிறாங்க. 2017ல அதே ஆளோட அட்லாண்டிஸ் தேடினது வேற, அத விட்டுருவோம்.

எனக்கு இதுல மதம் பிரச்சினையே இல்ல. பிஸ்மார்க் கிழிசலுக்குள்ள ரோபோவ விட்டு, நான் நெனைக்கிறது தப்பா இருக்குமோன்னு பாத்த ஆளு, இங்க படத்துக்குத் தன் பேர மட்டும் போட்டுக் குடுத்துட்டு நாற்காலியில உக்காந்துட்டாரேன்னுதான். தானே இறங்கின இடத்துல இருக்கிற கேமரூன் வேற, மேடையில உக்காந்த கேமரூன் வேற.

தானே இறங்கினதுல உச்சம் 2012 மார்ச் 26. மரியானா ட்ரெஞ்சுல சேலஞ்சர் டீப், உலகத்துலயே ஆழமான இடம். 1960ல பிக்கார்டும் டான் வால்ஷும் ட்ரியெஸ்ட்ங்கிற நீர்மூழ்கியில ரெண்டு பேரா போனப்பறம் மனுஷன் போகல. ஆஸ்திரேலிய இன்ஜினியர் ரான் ஆலமோட சேந்து சிட்னியில யாருக்கும் சொல்லாம ஒரு நீர்மூழ்கி கட்டினாங்க, 7 மீட்டருக்கு மேல நீளம், ஆனா படுக்காம நட்டுக்குத்தலா இறங்கும், பச்சக் கலரு. அதுக்குள்ள ஆள் உக்கார்ற இரும்புக் கோளம் 109 சென்டிமீட்டர்தான், இவரோ ஆறடிக்கு மேல, வயசு 57, மடங்கி உக்கார யோகா பழகினாரு. 2 மணி 36 நிமிஷத்துல 10,908 மீட்டர். கீழ போனா ஹைட்ராலிக் எண்ணெய் கசிஞ்சு, சாம்பிள் எடுக்கிற இயந்திரக் கை வேலை செய்யல, ப்ரொப்பல்லர்ங்க ஒவ்வொண்ணா போக, மூணு மணி நேரத்துல மேல வந்துட்டாரு. கிளம்பறதுக்கு ஏழு வாரம் முன்னாடி, பிப்ரவரி 4, இந்தப் பயணத்தப் படமெடுக்க இருந்த ரெண்டு நண்பர்கள், ஆண்ட்ரூ வைட்டும் மைக் டிக்ரூயும், ஆஸ்திரேலியாவுல ஹெலிகாப்டர் விழுந்து செத்துட்டாங்க. அப்பவும் போனாரு. திரும்பி வந்தப்ப மேல கப்பல்ல கை குலுக்கினது எண்பது வயசு டான் வால்ஷ். 2019ல விக்டர் வெஸ்கோவோங்கிறவரு அதே இடத்துல இன்னும் சில மீட்டர் அதிகமா போனேன்னதும் நம்மாளு, அது சமதரை, அதெப்படி நீ மட்டும் ஆழமா போவேன்னு சண்டைக்குப் போனாரு, அவரு மனுஷந்தான்.

அவரு ட்ரெஞ்சுக்குப் போன அதே 2012ல டைட்டானிக் த்ரீடியில வந்துச்சு. கதாநாயகி ரோஸ் ஒரு மரப்பலகையில படுத்து பாக்குற வானத்துல நட்சத்திரமெல்லாம் தப்பு, பாதி வானத்த அப்படியே கண்ணாடில காட்டின மாதிரி ஒட்டியிருக்கீங்கன்னு விஞ்ஞானி நீல் டிகிராஸ் டைசன் வருஷக்கணக்கா நச்சரிச்சாரு. கேமரூன், சரி 1912 ஏப்ரல் 15 விடிகாலை வானத்த அனுப்புன்னு வாங்கி அந்த ஷாட்ட மாத்திட்டாரு. மொத்தப் படத்துலயும் மாத்தினது அது ஒண்ணுதான்.

அப்பறம் 2023ல வந்த நிகழ்ச்சியில தன்னோட படத்தையே குறுக்கு விசாரணை பண்றாரு. கப்பல் உடைஞ்சதும் பின்பாதி பெருசா தண்ணியில வந்து விழுந்து, அப்பறம் செங்குத்தா நின்னு முங்கும், படத்துல ரெண்டும் வரும். மாடல் வெச்சு தண்ணியில திரும்பத் திரும்ப முக்கிப் பாத்தா ரெண்டும் ஒண்ணா நடக்கவே மாட்டேங்குது, ஏதாவது ஒண்ணுதான். பாதி சரி பாதி தப்புன்னு கேமரா முன்னாடி சொல்லிட்டாரு. பலகையில ஜாக்குக்கு இடம் இருந்துச்சா இல்லையாங்கிற உலக சர்ச்சைக்கும் ரெண்டு ஸ்டண்ட் ஆளுங்கள குளிர் தண்ணியில எறக்கி நாலு விதமா சோதிச்சு, ஒரு விதத்துல அவன் பொழச்சிருக்கலாம்னு வந்துச்சு. 25 வருஷமா இடமில்ல இடமில்லன்னு அடிச்சுப் பேசின ஆளு. எம் பொண்ணு இதக் கேட்டு ரொம்பக் கோபப்பட்டா, அப்பவே சோதிச்சுப் பாத்திருக்கலாம்லன்னு.

அதே 2023 ஜூன்ல டைட்டன். டைட்டானிக்க பாக்கப் போன சுற்றுலா நீர்மூழ்கி நசுங்கி அஞ்சு பேரு செத்தாங்க, அதுல பிஎச் நார்ஜொலே கேமரூனுக்குப் பல வருஷ சிநேகிதம். உலகமே ஆக்ஸிஜன் எத்தனை மணி நேரம் இருக்குன்னு டிவியில எண்ணிட்டு இருந்தப்ப, தொடர்பும் ட்ராக்கிங்கும் ஒரே நொடியில போச்சுன்னா என்ன அர்த்தம்னு 33 தடவை அங்க போயிட்டு வந்தவருக்கு முதல் நாளே புரிஞ்சுபோச்சு. கார்பன் ஃபைபர் இதுக்கு ஆகாதுன்னு எச்சரிச்சவங்க பேச்ச கேக்காம போயி, பனிப்பாறை எச்சரிக்கைய கேக்காம போன கப்பலுக்குப் பக்கத்துலயே முடிஞ்சிருக்குன்னு அவரு சொன்னப்ப முகத்தப் பாத்தேன், அதுல நான் அப்பவே சொன்னேன்லங்கிற திமிரு துளிகூட இல்ல.

இப்ப அவரு கைல வெச்சிருக்கிறது ஹிரோஷிமா அணுகுண்டு பத்தின படம். 2009 டிசம்பர்ல அவதார் ரிலீசாகி ஒரு வாரம்கூட ஆகல, உலகமே அதப் பத்திப் பேசிட்டு இருக்கு, இவரு நாகசாகியில ஒரு ஆஸ்பத்திரிக் கட்டிலுக்குப் பக்கத்துல போய் நிக்கிறாரு. கட்டில்ல சுடோமு யாமாகுச்சி, 93 வயசு. 1945 ஆகஸ்ட் 6 கம்பெனி வேலையா ஹிரோஷிமாவுல இருந்து முதல் குண்ட வாங்கி, தீக்காயத்தோட ஊரு நாகசாகிக்குத் திரும்பி, 9ஆம் தேதி ஆபீஸ்ல மேலதிகாரிகிட்ட ஒரே குண்டுல ஊரே போச்சுன்னு சொல்லிட்டு இருக்கும்போதே ரெண்டாவதையும் வாங்கினவரு. அவர்கிட்ட இந்தப் படத்த எடுக்கறேன்னு வாக்கு குடுத்துட்டு வந்தாரு. ரெண்டு வாரத்துல, 2010 ஜனவரி 4, யாமாகுச்சி இறந்துட்டாரு.

எனக்கு இதுல ஒரு உறுத்தல் இருக்கு. படத்துக்கு எடுத்திருக்கிறது சார்லஸ் பெல்லெக்ரினோவோட புத்தகம், அவரு ஹிரோஷிமா பத்தி எழுதின முந்தின புத்தகத்துல ஒரு சாட்சி பொய்யாளுன்னு தெரிஞ்சு 2010ல பதிப்பாளரே அத வாபஸ் வாங்கினாங்க. அந்தக் கல்லறை விவகாரத்துல ஜாகோபோவிசியோட சேந்து புத்தகம் எழுதினதும் இவருதான். இந்தத் தடவை மீர்ல உக்காந்து கீழ போய் லைட்டடிச்சுப் பாக்க இரும்புக் கப்பல் எதுவும் இல்ல, மனுஷங்க சொன்ன வார்த்தை மட்டும்தான் இருக்கு, அத சொன்னவங்க ஒவ்வொருத்தரா போயிட்டு இருக்காங்க. அவரு எந்தக் கேமரூனா அந்தப் படத்தை எடுக்கப் போறாருன்னுதான் நான் பாத்துட்டு இருக்கேன். பொண்ணுகிட்ட இந்தக் கடைசிக் கதைய இன்னும் சொல்லல, லீவு விடட்டும்.